சுமையின் கீழிருந்து ஒரு மலை

போடிநாயக்கனூரின் மாந்தோப்புகளும் இலவந்தோப்புகளும் முடியும் இடத்தில் மலை தொடங்கிவிடுகிறது. முன்னறிவிப்பு எதுவும் கிடையாது. கொட்டகுடி ஆற்றை ஒட்டிக் குரங்கணிக்குப் போகும் பாதையில் ஒரு வளைவு திரும்பியதும், கண்ணுக்கு எட்டிய உயரம் வரை பச்சை செங்குத்தாக எழுந்து நிற்கும். அதன் இடுப்பில் மேகம் தங்கியிருக்கும். இப்படி ஓர் இடம் சினிமாக்காரர்களின் கண்ணுக்குத் தப்புமா? 2010-இல் வந்த பிரபு சாலமனின் 'மைனா' இந்தச் சரிவுகளின் அழகைத் தமிழ்நாடு முழுக்கக் கொண்டு சேர்த்தது. அதன்பின் குரங்கணி என்றால் பனி, அருவி, காதல் என்று ஒரு படம் நம் மனத்தில் பதிந்துபோனது.

எட்டு ஆண்டுகள் கழித்து, 2018 ஆகஸ்ட் 24 அன்று இந்த மலையடிவாரத்திலிருந்தே இன்னொரு படம் வந்தது. லெனின் பாரதி எழுதி இயக்கிய முதல் படமான 'மேற்குத் தொடர்ச்சி மலை'. அதிலும் பனி உண்டு, பச்சை உண்டு, மூச்சை நிறுத்தும் உயரங்கள் உண்டு. ஆனால் அந்த அழகையெல்லாம் நாம் பார்ப்பது முதுகு வளைந்து மூட்டை தூக்குகிற ஒருவனோடு நடந்துகொண்டே. மலையின் அழகும் மலையில் படும் பாடும் ஒரே சட்டகத்துக்குள் பிரிக்க முடியாமல் கலந்து நிற்கும் அந்த நயம்தான் என்னை இந்தப் படத்திடம் திரும்பத் திரும்பக் கொண்டு சேர்க்கிறது. வாருங்கள், அவசரமில்லாமல் இன்னொரு முறை பார்ப்போம்.

இது கதைப்படம்தான். ரங்கசாமி என்ற நிலமற்ற கூலித் தொழிலாளி. ஏலக்காய் மூட்டைகளை மலையிலிருந்து அடிவாரத்துக்குச் சுமந்து இறக்குவது அவன் பிழைப்பு. ஒரு துண்டு நிலம் வாங்கிவிட வேண்டும் என்பது அவன் ஆசை. கதை இவ்வளவுதான். ஆனால் இந்தக் கதையைப் பார்த்த கண் ஆவணப்படக்காரரின் கண். ஒரு நல்ல ஆவணப்படக்காரரிடம் நாம் எதிர்பார்ப்பது என்ன? போன இடத்தில் தங்குவது, காத்திருப்பது, எதிரில் இருப்பவரின் வேலை முடியும்வரை குறுக்கே பேசாமல் இருப்பது. இந்த மூன்றும் இந்தப் படத்தில் ஒரு பண்பாகவே படிந்திருக்கின்றன.

ஆவணப்படத்துக்கும் கதைப்படத்துக்கும் நடுவே உள்ள வேலி தொடக்கத்திலிருந்தே இடைவெளி நிறைந்ததுதான். ராபர்ட் ஃப்ளாஹர்டி 1922-இல் எடுத்த 'நானூக் ஆஃப் த நார்த்' ஆவணப்பட மரபின் முன்னோடி என்று கொண்டாடப்படுகிறது. ஆர்க்டிக் பனிநிலத்து மக்களைத் தங்கள் வாழ்வையே கேமரா முன்னால் நடித்துக் காட்டச் சொல்லித்தான் அவர் அதை எடுத்தார். லுகினோ விஸ்கோன்டி சிசிலித் தீவின் மீனவர்களைப் பற்றி ஓர் ஆவணப்படம் எடுக்கப் போனார். அது 1948-இல் 'லா தெர்ரா த்ரேமா' என்ற கதைப்படமாக வளர்ந்து வந்தது. அதில் அந்த ஊர் மீனவர்களே நடித்தார்கள், தங்கள் வட்டாரப் பேச்சிலேயே பேசினார்கள். சொந்தப் படகில் சொந்தமாக மீன் பிடிக்க நினைத்த ஒரு குடும்பம் தோற்றுப்போகும் கதை அது. கடலுக்குப் பதில் மலையையும், படகுக்குப் பதில் ஒரு துண்டு மண்ணையும் வைத்தால் ரங்கசாமி அந்த மீனவனுக்கு உடன்பிறந்தவன் ஆகிவிடுவான். சிசிலியின் அந்தக் கரைக்கும் நம் கொட்டகுடிக் கரைக்கும் இடையே இப்படி ஓர் உறவு இருப்பது எத்தனை அழகு!

முதலில் அந்த நடையைப் பாருங்கள். படத்தின் முதல் பாதியில் பெரும்பகுதி நடைதான். ஏறுகிறார்கள், இறங்குகிறார்கள், உட்கார்கிறார்கள், மறுபடி ஏறுகிறார்கள். கதை எப்போது தொடங்கும் என்று கேட்கத் தோன்றும் அந்த நேரத்தில்தான் கதை நம் கால்வழியாக உள்ளே இறங்கிக்கொண்டிருக்கிறது. மலைக்காரர் நடையில் ஒரு கணக்கு இருக்கிறது. ஏற்றத்தில் மூச்சும் காலும் ஒன்றுக்கொன்று ஒத்துப்போக வேண்டும். இறக்கத்தில் முழங்காலைக் கொஞ்சம் மடக்கி, விரல்களால் மண்ணைக் கவ்விப் பிடிக்க வேண்டும். தலைக்கு மேல் மூட்டை இருந்தால் கழுத்து திரும்பாது; கண் மட்டும் பாதையின் அடுத்த கல்லைத் தேடும். படத்தொகுப்பாளர் மு. காசிவிஸ்வநாதன் இந்தக் கணக்கைக் கலைக்கவில்லை. ஆள் எடுக்கும் நேரத்தைக் காட்சியும் எடுத்துக்கொள்கிறது. மலையின் உயரத்தை எண்ணில் சொல்லிவிடலாம். அதைக் கெண்டைக்காலில் உணரவைப்பது எத்தனை நுட்பமான கலை!

இந்தச் சரிவுகளுக்குச் சுமை புதிதல்ல. மூணாறுத் தேயிலைக்குக் கடலுக்குப் போகும் வழி ஒரு காலத்தில் இதுதான். 1902-இல் குண்டளைப் பள்ளத்தாக்கில் ஒற்றைத் தண்டவாள வண்டி ஓடியது. பின்னால் அது குறுகிய ரயில்பாதை ஆனது. டாப் ஸ்டேஷன் வரை வந்த தேயிலைப் பெட்டிகள் அங்கிருந்து கம்பிவடத்தில் தொங்கியபடி கொட்டகுடிக்கு இறங்கின. 1924 வெள்ளம் அந்த ரயில்பாதையை அடித்துக்கொண்டு போனது. இன்று டாப் ஸ்டேஷன், சென்ட்ரல் ஸ்டேஷன் என்ற பெயர்கள் மட்டும் ரயில் இல்லாத மலையில் மிஞ்சியிருக்கின்றன. கம்பி போனது, தண்டவாளம் போனது, மனிதத் தோள் மட்டும் போகவில்லை. சாலை எட்டாத தோட்டங்களுக்கு அரிசியும் பருப்பும் மேலே ஏறியதும், காயும் காப்பியும் கீழே இறங்கியதும் ஆள்மீதும் கழுதைமீதும்தான். படத்தில் ரங்கசாமி வைக்கும் ஒவ்வோர் அடியும் இந்த நீண்ட வரலாற்றின் மேல் விழுகிறது. அதைச் சொல்ல ஒரு பின்னணிக் குரல்கூட வைக்கவில்லை என்பது இயக்குநரின் கண்ணியம்.

அடுத்து, ஒளி. ஒளிப்பதிவாளர் தேனி ஈஸ்வர் தன் ஊரைப் பெயரிலேயே சுமப்பவர். அவர் காட்டும் விடியல் தபால் அட்டையில் வரும் விடியல் மாதிரி இருக்காது. இருட்டு மெல்ல மெல்லச் சாம்பல் ஆகும், சாம்பல் நீலமாகும், நீலத்தின் ஓரத்தில் ஒரு மர உச்சி தெளியும். அதற்குள் மனிதர்கள் வேலையைத் தொடங்கிவிட்டிருப்பார்கள். இந்த மண்ணின் கூலிக்காரருக்கு விடியல் என்பது ரசிக்கும் நேரம் அல்லவே, பாதி தூரம் ஏறி முடித்திருக்க வேண்டிய நேரம்! அந்த நுண்மையை உள்ளூர்க் கண்தான் அறியும். மலை முழுவதும் தெரியும் அகலக் காட்சிகளில் மனிதனைத் தேட வேண்டியிருக்கும். பச்சைப் பரப்பில் எங்கோ ஒரு வெள்ளைத் துணி அசையும், அதுதான் ஆள். அப்படித் தேடிக் கண்டுபிடித்த பிறகு அந்தச் சிறு புள்ளியை விட்டுக் கண் நகர மறுக்கிறது.

ஈஸ்வரின் பயணத்தையும் இங்கே கொஞ்சம் நின்று பார்க்கலாம். சுசீந்திரனின் 'அழகர்சாமியின் குதிரை'யில் (2011) இதே மலையடிவார வாழ்வை அவர் கேமராவுக்குள் கொண்டுவந்திருந்தார். பின்னால் ராமின் 'பேரன்பு', மாரி செல்வராஜின் 'கர்ணன்', 'வாழை', லிஜோ ஜோஸ் பெல்லிசேரியின் 'நண்பகல் நேரத்து மயக்கம்' என்று ஒன்றுக்கொன்று தொடர்பில்லாத உலகங்களுக்குள் போனார். எல்லாவற்றிலும் ஒரு பழக்கம் தொடர்கிறது. வெயிலை வெயிலாகவே விடுவார். முகத்தை அழகாக்க வெளிச்சத்தைக் கெஞ்சிக் கூப்பிட மாட்டார். இந்தப் பழக்கம் முழுமையாகக் கனிந்த இடம் சொந்த மலைதான் என்று எனக்குத் தோன்றுகிறது. இலைமறைவில் வடிகட்டி இறங்கும் அந்தப் பச்சை வெளிச்சத்தில் வியர்வை மின்னும் தோள்களைப் பாருங்கள், அவர் கை எவ்வளவு மென்மையானது என்று புரியும்.

முகங்களுக்கு வருவோம். ரங்கசாமியாக ஆண்டனி, அவன் மனைவி ஈஸ்வரியாகக் காயத்ரி கிருஷ்ணா, தோழர் சாக்கோவாக அபு வளையங்குளம். இவர்களைச் சுற்றி நமக்கு முன்பின் தெரியாத முகங்கள். கங்காணி, வயதான சுமைக்காரர், டீக்கடையில் நிற்பவர் என யாரும் கேமராவைப் பார்த்துத் தன்னைச் சரிசெய்துகொள்ளவில்லை. ஆண்டனியின் நடிப்பில் என்னைக் கவர்வது அந்த அடக்கம். ஆசை வரும்போது கண் கொஞ்சம் அகலும், ஆசை உடையும்போது தலை கொஞ்சம் தாழும். அதற்கு மேல் ஒன்றும் செய்ய மாட்டார். அண்ணே, ஆத்தா, மதினி என்று உறவுகொண்டாடியே ஒருவரை ஒருவர் தாண்டிப்போகும் இந்த வட்டாரத்துப் பேச்சு, காதுக்கு இதமான ஈரத்தோடு படம் நெடுகக் கசிந்துகொண்டே இருக்கிறது. வசனத்தை லெனின் பாரதியும் ராசி தங்கதுரையும் சேர்ந்து எழுதியிருக்கிறார்கள். யாரும் தத்துவம் பேசுவதற்காக வாயைத் திறக்கவில்லை. பேச்சின் பெரும்பகுதி விசாரிப்புதான். சாப்பிட்டாயா, மழை வருமா, கூலி வந்ததா. மலைப்பாதையில் எதிரே வருபவரைக் கண்டால் நின்று விசாரிக்காமல் போவது மரியாதை இல்லை என்பதை இந்தப் படம் அறிந்து வைத்திருக்கிறது.

இப்போது ஏலக்காயை அருகில் வைத்துப் பார்க்க வேண்டும். ஏலச்செடி ஆளை மறைக்கும் உயரத்துக்கு வளரும். ஆனால் பூவும் காயும் அடித்தூரிலிருந்து தரையோடு படரும் சரத்தில்தான் பிடிக்கும். அதனால் எடுக்கும் பெண்கள் நாள் முழுக்கக் குனிந்தே இருக்க வேண்டும். ஒரே சரத்தில் எல்லாக் காயும் ஒன்றாக முற்றாது. முற்றியதைத் தொட்டுப் பார்த்து எடுத்து, பிஞ்சை விட்டுவிட்டு, சில வாரம் கழித்து மறுசுற்று வர வேண்டும். எடுத்த காயை ஸ்டோர் என்கிற உலர்கூடத்தில் வெப்பம் பார்த்துக் காயவைக்கும்போது பச்சை நிறம் மங்கிவிடாமல் காப்பது தனி வித்தை. நாலைந்து கிலோ பச்சைக் காய் சேர்ந்தால்தான் ஒரு கிலோ காய்ந்த காய் தேறும். பிறகு காம்பு போகத் தேய்த்து, சல்லடையில் அளவு பிரித்து, போடியிலும் புத்தடியிலும் நடக்கும் ஏலத்துக்குப் போகும்போது எட்டு எம்.எம். காய் என்றால் வியாபாரியின் கண் மலரும். விரல்நுனி அளவே உள்ள அந்தப் பச்சைக் கூட்டுக்குள் எத்தனை முதுகுகள் வளைந்திருக்கின்றன!

இதை மனத்தில் வைத்துக்கொண்டு அந்தக் காட்சியைப் பாருங்கள். முதலில் பேசிய நிலம் கைக்கு வராமல் போயிருக்கிறது. ரங்கசாமி சேர்த்த பணத்தையெல்லாம் போட்டு ஏலக்காய் வாங்கி, அதை விற்று நிலத்துக்குப் பணம் புரட்டத் துணிகிறான். இத்தனை காலம் ஊராருக்குச் சுமந்தவன் முதல்முறையாகத் தனக்காகச் சுமக்கிறான். இறக்கத்தில் மூட்டை நழுவுகிறது. உருண்டு, பிரிந்து, காய்கள் சரிவெங்கும் சிதறிப் பள்ளத்துக்குள் போகின்றன. அந்தச் சிதறலில் ஒரு கொடூரமான அழகு இருக்கிறது என்பதை ஒப்புக்கொள்ளத்தான் வேண்டும். மலை எதைக் கொடுத்ததோ அதைத் தன் மடிக்கே வாங்கிக்கொள்கிறது. வேறொரு படமாக இருந்தால் இந்த இடத்தில் நாயகன் கதறியிருப்பான். இங்கே நாம்தான் உள்ளுக்குள் கதறுகிறோம். ஒவ்வொரு காயையும் எடுத்த கை, காயவைத்த இரவு, சேர்த்த கூலி எல்லாம் நமக்குத் தெரிந்துபோயிருப்பதால், ஒரு மூட்டை விழுவது ஒரு வீடு விழுவதைப்போல இருக்கிறது.

இசையைச் சொல்லாமல் நகர முடியாது. இளையராஜாவின் பண்ணைப்புரம் இதே மலைத்தொடரின் அடிவாரத்தில் இருக்கிறது. அவருடைய அண்ணன் பாவலர் வரதராஜன் கம்யூனிஸ்ட் மேடைகளில் பாடியவர். 1958-இல் நடந்த தேவிகுளம் இடைத்தேர்தலில் இந்த மலைத்தோட்டங்களில் பாடி வாக்குச் சேகரித்தவர். சிறுவனாக இருந்த ராஜா பின்னால் அண்ணன் குழுவில் சேர்ந்துதான் ஊர் ஊராகப் போனார். ஆக, படத்தில் சாக்கோ என்ற மலையாளத் தோழர் தொழிலாளர்களைச் சங்கம் கூட்டும்போது, பின்னணி இசை அமைப்பவருக்கு அது குடும்ப நினைவு. ஆனாலும் அவர் அந்த நினைவை இசையாகக் கொட்டிவிடவில்லை. காற்று, பறவை, செருப்பொலி, தூரத்து மாட்டுமணி இவற்றுக்கு வழிவிட்டு ஒதுங்கி நிற்கிறார். எப்போதாவது ஒரு புல்லாங்குழலோ தந்தியோ மெல்லத் தலைகாட்டும்போது, அது வெளியிலிருந்து வந்து ஒட்டியதாகத் தெரிவதில்லை. மலையே முனகியதாகத் தோன்றுகிறது. ஆயிரம் படங்களுக்கு மேல் இசையமைத்த ஒருவர் எங்கே வாசிக்காமல் இருக்க வேண்டும் என்று முடிவெடுக்கும் அந்தப் பக்குவம் வணங்கத்தக்கது.

சாக்கோவின் பாத்திரமும் ரசித்துப் பார்க்க வேண்டிய வார்ப்பு. எல்லை தாண்டி வேலைக்குப் போகும் தமிழ்க் கூலிகளுக்கும் கேரளத் தோட்டங்களுக்கும் நடுவே நிற்பவர். 1956-இல் மாநிலங்கள் பிரிந்தபோது தேவிகுளமும் பீர்மேடும் கேரளத்தோடு போயின. மலையின் முதுகில் ஒரு கோடு விழுந்தது. கூலிக்கு அந்தக் கோடு தெரியாது. காலையில் ஒரு மாநிலத்தில் எழுந்து இன்னொரு மாநிலத்தில் காய் எடுப்பது இங்கே அன்றாடம். இந்த நுட்பத்தை இரு மொழிகளும் உரசிக்கொள்ளும் சாதாரணப் பேச்சிலேயே படம் சொல்லிவிடுகிறது. சாக்கோவைப் புனிதராக்கவும் இல்லை, கோமாளியாக்கவும் இல்லை. நல்லவர், கோபக்காரர், நம்பியவர்களே கைவிட்டபோது நிதானம் தவறுபவர். இப்படி ஒரு மனிதரை முழுசாகப் பார்க்கும் பெருந்தன்மை நம் திரைக்கு அரிது.

படம் வந்த அந்த ஆண்டு இந்த ஊருக்கு ஆறாத ஆண்டு. மார்ச் 11 அன்று குரங்கணிக் காட்டுத்தீயில் மலையேற வந்தவர்களில் 20-க்கும் மேற்பட்டோர் உயிரிழந்தார்கள். நாடே குரங்கணி என்ற பெயரை அந்தத் துயரத்தோடுதான் உச்சரித்தது. சில மாதங்களில் இந்த மலைத்தொடரின் மறுமுகத்தை, தினமும் ஏறி இறங்கிப் பிழைக்கும் மக்களின் முகத்தைப் படம் கொண்டுவந்தது. திட்டமிட்டு அமைந்ததில்லை, ஆனாலும் அந்த நேரத்தில் அது ஓர் ஆறுதலான கைபோல வந்து சேர்ந்தது.

கடைசிக் காட்சியின் நயத்தைச் சொல்ல எனக்குப் போதிய சொல் இல்லை. மலைக்குச் சாலை வருகிறது. சுமைக்காரருக்கு வேலை போகிறது. ஒருவழியாக வாங்கிய நிலத்தில் விதைக்கும் உரத்துக்கும் வாங்கிய கடன் ஏறுகிறது. சாக்கோ நிதானம் தவறிய விவகாரத்தில் ரங்கசாமி சிறைக்குப் போய்த் திரும்பும்போது நிலம் கைமாறிவிட்டது. அதே மண்ணில் நிற்கும் காற்றாலைக்கு அவன் காவலாளி. உடம்பில் சீருடை, உட்கார ஒரு நாற்காலி. கேமரா அவனை விட்டு மேலே எழும்புகிறது. அவன் சிறுத்துக்கொண்டே போக, ஒரு காற்றாலை இரண்டாகி, பத்தாகி, கண்ணுக்கெட்டிய சமவெளி முழுக்கச் சுழல்கிறது. அதுவரை நம்மை அவன் தோளுக்குப் பக்கத்திலேயே நடக்கவைத்த படம், அவனிடமிருந்து நம்மைப் பிரித்து உயரத்துக்குத் தூக்கிச் செல்கிறது. பிரிவின் வலியையும் கணக்கின் பரப்பையும் ஒரே அசைவில் தந்துவிடுகிறது. ரங்கசாமி ஒருவனின் கதையைத்தான் கேட்டோம். அத்தனை காற்றாலைகளின் அடியிலும் எத்தனை ரங்கசாமிகள் என்று மனம் தானாக எண்ணத் தொடங்குகிறது. தேனி மாவட்டத்தில் பேருந்தில் போகிறவர்கள் அந்த வெள்ளை இறக்கைகளைப் பலமுறை பார்த்திருப்பார்கள். இந்தப் படத்துக்குப் பிறகு அவற்றின் அடியில் ஒரு நாற்காலி இருக்கிறதா என்று கண் தேடும்.

படத்தைத் தயாரித்த விஜய் சேதுபதி அதில் நாயகனாக நிற்க ஆசைப்படவில்லை. தன் பெயரைச் சுவரொட்டிக்குக் கொடுத்தார், முகத்தை இந்த ஊர் மனிதர்களுக்கு விட்டுக்கொடுத்தார். ஒரு சுயாதீனப் படைப்பு பிழைப்பதற்கு இப்படிப்பட்ட பெருந்தன்மைகளும் தேவைப்படுகின்றன. அது இல்லாமல் போயிருந்தால், மலையடிவாரத்து இயக்குநரும் மலையடிவாரத்து ஒளிப்பதிவாளரும் மலையடிவாரத்து இசைஞரும் தங்கள் ஊரைத் தாங்களே பார்த்துச் சொல்லும் இந்த அரிய சந்திப்பு நமக்குக் கிடைத்திருக்காது.

குரங்கணிக்குப் போகிறவர்கள் இந்தப் படத்தைப் பார்த்துவிட்டுப் போவது நல்லது. ஏற்கெனவே பார்த்தவர்கள் இன்னொரு முறை பாருங்கள். இந்தமுறை கதையைத் தொடர வேண்டாம், பாதங்களை மட்டும் தொடருங்கள். எந்தக் கல்லில் நின்று மூச்சு வாங்குகிறார்கள், எந்த இடத்தில் சுமை தோள் மாறுகிறது, எதிரே வருபவருக்கு யார் வழிவிடுகிறார்கள் என்று பாருங்கள். ஒரு மலையை எவ்வளவு பேர் சேர்ந்து தாங்கிக்கொண்டிருக்கிறார்கள் என்பது அப்போது புரியும். அதைப் புரியவைத்தவரின் கலையும் அங்கேதான் முழுசாகப் பிடிபடும்.